வெள்ளைச் சேலை கட்டிய கொடுமுடி கோகிலம்



கே.பி.சுந்தராம்பாள் என்றதும் நமக்கு அவ்வையார்தான் ஞாபகத்துக்கு வரும். அதுக்கு முன்னாடி அவர் பட்ட பாட்டை வாசகியருக்குச் சொல்லணும்னு எழுதுகிறேன்.

1908-ல் கொடுமுடியில் ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர். ரயிலில் பாடிக் காசு வாங்கின சின்னப் பெண்ணை நாடகக் கம்பெனியில் சேர்த்துவிட்டார்கள். மைக் இல்லாத காலம். கொட்டகையில் கடைசி வரிசைக்கும் குரல் போய்ச் சேரணும். அவர் குரல் சேர்ந்தது. இலங்கையில் நடிக்கப் போனபோது எஸ்.ஜி.கிட்டப்பாவோடு ஜோடி சேர்ந்தார். 'வள்ளி திருமணம்' என்றால் அவங்க ரெண்டு பேர்தான் என்று ஆச்சு. கல்யாணமும் நடந்தது.

1933 டிசம்பரில் கிட்டப்பா இறந்துவிட்டார். சுந்தராம்பாளுக்கு அப்போ வயசு 25தான்!

அன்றிலிருந்து வெள்ளைக் கதர்ச் சேலை. இனி எந்த ஆணோடும் ஜோடியாக நடிப்பதில்லை என்று உறுதி எடுத்துக்கொண்டார். ஆனால் மூலையில் உட்காரவில்லை. 1935-ல் 'நந்தனார்' படத்தில் ஆண் வேஷமே போட்டார். சம்பளம் ஒரு லட்சம் ரூபாய்! 1951-ல் சென்னை சட்ட மேலவை உறுப்பினர். 1953-ல் 'அவ்வையார்', 1970-ல் பத்மஸ்ரீ. 1980-ல் காலமாகும்வரை அந்த வெள்ளைச் சேலைதான்.

யோசிச்சுப் பாருங்க. வெள்ளைச் சேலை எதிரே வந்தால் சகுனம் சரியில்லை என்று திரும்புகிற நாமதான், அந்த அம்மாவைத் திரையில் பார்த்துக் கும்பிட்டோம். எங்க பக்கம் இன்னும் சில கல்யாண வீடுகளில், பெற்ற மகள் தாலி கட்டிக்கொள்ளும்போதுகூட புருஷனை இழந்த தாய் பின்கட்டில்தான் நிற்கிறாள். அவளை முன்னாடி கூப்பிட்டு நிறுத்தினால் நமக்கு என்ன குறைஞ்சு போகும்?

– ஒரு வாசகி, கூத்தாநல்லூர்.