சேர் பொன்னம்பலம் இராமநாதன்

மாதந்தோறும் பெரியார் ஒருவருடைய சரிதத்தை இவ்வெளியீட்டில் அன்பர்கள் முன் வைத்து வருகின்றோம். இம்மாதம் நாம் எடுத்துக்கொண்டவர், இலங்கையிற் பிறந்து, நியாயவாதியாய்த் தொழில் தொடங்கிச் சட்டநிரூபண சபையில் நெடுங்காலம் வீற்றிருந்த சேர் பொன்னம்பலம் இராமநாதன் அவர்கள். சாதியின் பெயராற் கூடிய சங்கத்தாராகிய நாம் இவர் வரலாற்றிற் கற்கவேண்டுவது ஒன்றன்று, இரண்டு. ஒன்று அவர் செய்ததிலிருந்தும், மற்றொன்று அவர் செய்யாது விட்டதிலிருந்தும் கிடைப்பன.

இராமநாதன் 1851-ஆம் ஆண்டு ஏப்பிரல் மாதம் 16-ஆந் தேதி கொழும்பிலே பொன்னம்பல முதலியாருக்குப் புதல்வராய்த் தோன்றினார். தாய்மாமனாகிய சேர் முத்துக்குமாரசுவாமி சட்டநிரூபண சபையிலே தமிழர் பிரதிநிதியாய் விளங்கியவர். தம்பி அருணாசலம் 1919-ல் இலங்கைத் தேசிய காங்கிரசின் முதல் தலைவரானவர். கொழும்பிலும், பின்னர் சென்னை இராசதானிக் கல்லூரியிலும் கற்ற இராமநாதன், சட்டம் பயின்று அத்துவக்காத்தானார். உயர்நீதிமன்றத்தின் பழைய தீர்ப்புக்களைத் தேடித் தொகுத்து அச்சேற்றியமையால், நீதிபதிகளும் அவர் தொகுதிகளை நாடுவாராயினர். 1879-ல், தமது இருபத்தெட்டாம் வயதில், மாமன் இருந்த அதே ஆசனத்திற்கு நியமனம் பெற்றார். 1892 முதல் 1906 வரை சொலிசிற்றர் ஜெனரலாய்ப் பணிபுரிந்து ஓய்வெய்தினார்.

ஓய்வு பெற்றார் வீட்டிலே அமர்ந்திருத்தல் உலக இயல்பு. இவர்க்கோ பெருந்தொண்டு அதன் பின்னரே வாய்த்தது. அதுகாறும் சபையிலிருந்த சுதேசிகள் யாவரும் அரசினர் நியமித்தவரே. 1911-ல் படித்த இலங்கையர்க்கென ஓராசனம் முதன்முறையாகத் தேர்தலுக்கு விடப்பட்டது. வாக்காளர் ஏறக்குறைய 3,000 பேர். சிங்களவராகிய வைத்தியர் மார்க்கஸ் பெர்னாண்டோ எதிர்த்து நின்றார். வாக்காளரிற் சிங்களவரே மிகுதியாயிருந்தும் வெற்றி பெற்றவர் தமிழராகிய இராமநாதனே. அவர்தம் கல்வியும் புகழும் காரணமென்பது உண்மை. ஆயினும், சிங்களவருள் கொவிகம வகுப்பார் பலர், கராவ வகுப்பினராகிய பெர்னாண்டோ முன்னேறுதலை விரும்பாது இவரை ஆதரித்தனர் என்பதும் உண்மையே. இதனை மறைத்தெழுதுதல் சரிதமாகாது. சாதிப் பூசலும் துணைசெய்ய வந்த ஆசனத்தை அவர் எவ்வாறு பயன்படுத்தினார் என்பதே நாம் நோக்கற்பாலது.

1915-ஆம் ஆண்டு மே மாத இறுதியில் சிங்களவருக்கும் முஸ்லிம்களுக்குமிடையே கலகம் மூண்டது. முஸ்லிம்களின் கடைகளும் பள்ளிவாசல்களும் அழிவுற்றன, உயிர்களும் மாண்டன. தேசாதிபதி சேர் றொபேட் சாமர்ஸ் இராணுவச் சட்டத்தைப் பிரகடனஞ் செய்தார். கலகம் அடங்கிய பின்னரும் அச்சட்டம் நீங்கவில்லை. விசாரணையின்றியே சிலர் சுடப்பட்டனர். சேனநாயக்க சகோதரர் முதலிய தலைவர்கள் சிறை புகுந்தனர். ஹென்றி பேதிரிஸ் என்னும் இளைஞர் இராணுவ நீதிமன்றத் தீர்ப்பினால் ஜூலை 7-ஆந் தேதி சுட்டுக் கொல்லப்பட்டார். பேசுவாரின்றி நாடு நடுங்கிய அக்காலத்தில், இராமநாதன் சபையில் எழுந்து அதிகாரிகளின் கொடுமைகளை ஒவ்வொன்றாக எடுத்துக்காட்டி நீதி கேட்டார். அவர் சிங்களவரல்லர், பௌத்தருமல்லர். வயதோ அறுபத்து நான்கு. யுத்தக்காலத்துக் கடலின் அபாயத்தையும் பொருட்படுத்தாது இங்கிலாந்து சென்று முறையிட்டார். அவர் எழுதிய நூல் 1916-ல் இலண்டனில் வெளிவந்தது. திரும்பி வந்தபோது, சிங்களத் தலைவர்கள் அவரது வண்டியிற் பூட்டிய குதிரைகளை அவிழ்த்துத் தாமே இழுத்துச் சென்றனர். ஆயினும், கலகத்தில் இழப்புற்ற முஸ்லிம்கள் தம் துயர் அவர் பேச்சில் இடம்பெறவில்லையென்று வருந்தியதையும் இங்குக் குறித்தல் வேண்டும்.

கல்விக்கும் சமயத்திற்கும் அவர் செலவிட்ட பொருள் பெரிது. கொழும்பில் தந்தையார் நிறுவிய பொன்னம்பலவாணேசுவரர் கோயிலைக் கருங்கல்லாற் புதுப்பித்தார். 1913-ல் யாழ்ப்பாணத்திலே மகளிர்க்கென இராமநாதன் கல்லூரியையும், பின்னர் ஆடவர்க்கெனத் திருநெல்வேலியிற் பரமேசுவராக் கல்லூரியையும் கண்டார். பரமேசுவரா இருந்த இடத்திலேயே 1974-ல் யாழ்ப்பாணப் பல்கலைக்கழக வளாகம் தோன்றியது.

இனி மற்றைப் பாடம். 1927-ல் வந்த டொனமூர் ஆணைக்குழுவினர் சர்வசன வாக்குரிமையைச் சிபாரிசு செய்தபோது இராமநாதன் அதனை வன்மையாய் எதிர்த்தார். சிறுபான்மையினராகிய தமிழர் எண்ணிக்கையால் அமிழ்ந்துபோவர் என்னும் அச்சம் அவர்க்கிருந்தது. அவ்வச்சத்தை ஆதாரமற்றதென நாம் தள்ளிவிடோம். ஆனால் அவர் அவ்வளவில் நிற்கவில்லை. பெண்டிர்க்கும், தாழ்ந்தோரெனப்பட்ட வகுப்பினர்க்கும் வாக்களித்தல் தகாதென்றும் வாதித்தார். மகளிர்க்குக் கல்லூரி கண்டவர் அம்மகளிர்க்கு வாக்கை மறுத்தார். 1930-ஆம் ஆண்டு நவம்பர் 26-ஆந் தேதி அவர் காலமானார். அடுத்த ஆண்டிலேயே அவ்வாக்குரிமை நடைமுறைக்கு வந்தது. அவர் தடுக்க முயன்ற கதவு அவர்க்குப் பின் ஓராண்டும் மூடியிருக்கவில்லை.

அன்பர்களே! தம்மவரல்லாதார்க்காகக் கடல்கடந்து வழக்காடிய நெஞ்சம் சிறிய நெஞ்சமன்று. எனினும், பிறர்க்காகப் பேசுதல் வேறு, பிறர் தமக்காகத் தாமே பேச இடங்கொடுத்தல் வேறு. முன்னதைச் செய்தவர் பின்னதற்கு உடன்பட்டிலர். நமது சங்கத்தின் பேரால் நம்முள் ஒருவர் ஆசனம் ஏறுங்காலை, அவர் நம்மவரல்லாதார்க்கும் 1915-ஆம் ஆண்டின் இராமநாதனாக விளங்குக. நமது கூட்டங்களிலே நம் பெண்மக்களும் எளியோரும் வாய்திறக்குங்காலை, அவரது முதுமைக்கால அச்சம் நம்மைப் பற்றாதிருப்பதாக.