கப்பல் ஓட்டியவர் விட்டுச் சென்ற கடன் பட்டியல்

கோவில்பட்டி, எட்டயபுரம், நாகலாபுரம், ஒட்டப்பிடாரம்... இந்த ஊர்களைச் சுற்றி எங்கு பார்த்தாலும் கரிசல் மண். மழை பெய்தால் பருத்தி விளையும். மழை பொய்த்தால் கடன்தான் விளையும். சம்பாதிக்கிறவர் கண்ணை மூடிவிட்டால் குடும்பத்தின் கதி என்ன என்பது இந்தச் சீமை மக்களுக்கு நன்றாகத் தெரியும்.

இந்த மண்ணில் பிறந்தவர்தான் கப்பலோட்டிய தமிழர் வ. உ. சிதம்பரம் பிள்ளை.

வக்கீல் வீட்டுப் பிள்ளை

1872-ம் ஆண்டு செப்டம்பர் 5-ந் தேதி ஒட்டப்பிடாரத்தில் அவர் பிறந்தார். தந்தை உலகநாத பிள்ளை பெயர் பெற்ற வக்கீல். தாயார் பரமாயி அம்மாள். மகனும் வக்கீல் ஆனார். ஏழைகளின் வழக்குகளைக் காசு வாங்காமல் நடத்தினார்.

வெள்ளையரின் கப்பல் கம்பெனிக்குப் போட்டியாக 1906-ல் சுதேசிக் கப்பல் கம்பெனியை அவர் தொடங்கினார். மூலதனம் 10 லட்சம் ரூபாய். ஒரு பங்கின் விலை 25 ரூபாய். காலியா, லாவோ என்ற இரண்டு கப்பல்கள் தூத்துக்குடிக்கு வந்தன.

தொழிலாளிக்குத் துணை

1908 பிப்ரவரியில் தூத்துக்குடி கோரல் மில் தொழிலாளர்கள் வேலை நிறுத்தம் செய்தனர். சிதம்பரனாரும் சுப்பிரமணிய சிவாவும் முன்னின்று நடத்தினர். கூலி உயர வேண்டும், வாரம் ஒரு நாள் லீவு வேண்டும் என்பவை முக்கியமான கோரிக்கைகள்.

கூலி நின்றால் அடுப்பு எரியாது. இதைச் சிதம்பரனார் அறிவார். ஊராரிடம் பணம் திரட்டித் தொழிலாளர் குடும்பங்களின் பசியைப் போக்கினார். நிர்வாகம் இறங்கி வந்தது. கூலி உயர்ந்தது. ஞாயிறு விடுமுறையும் கிடைத்தது.

அடுத்த சில நாட்களில் அவர் கைதானார்.

குடும்பம் பட்ட பாடு

இரட்டை ஆயுள் தண்டனை! இந்தத் தீர்ப்பைக் கேட்ட தம்பி மீனாட்சிசுந்தரத்துக்குச் சித்தம் கலங்கிவிட்டது. அது கடைசி வரை தெளியவே இல்லை. மேல் முறையீட்டில் தண்டனை குறைந்தது. ஆனாலும் கோவைச் சிறையில் மாடு இழுக்கும் செக்கை அவர் இழுத்தார்.

வெளியே மனைவி மீனாட்சி அம்மாள் குழந்தைகளுடன் தவித்தார். தென்னாப்பிரிக்காவில் இருந்த வேதியப் பிள்ளை என்ற தமிழர் பணம் அனுப்பி உதவினார்.

1912 டிசம்பரில் விடுதலை. ஆனால் கப்பல் கம்பெனி அதற்கு முன்பே மூடப்பட்டுவிட்டது. வக்கீல் சன்னதும் பறி போயிருந்தது. சென்னையில் மளிகைக் கடை வைத்தார். மண்ணெண்ணெய் விற்றார். எதுவும் கைகொடுக்கவில்லை. தென்னாப்பிரிக்கத் தமிழர்கள் அவருக்காகத் திரட்டிய பணம் காந்தியடிகள் மூலமாக 1916-ல்தான் கைக்குக் கிடைத்தது. அது 347 ரூபாய் 12 அணா.

வங்கியில் வேலை

பிறகு கோவைக்குப் போனார். அங்கே ஒரு வங்கியில் மானேஜர் வேலை பார்த்தார். அந்தச் சம்பளம் குடும்பத்துக்குப் போதவில்லை. சன்னதைத் திருப்பித் தருமாறு கோர்ட்டில் மனுச் செய்தார். வாலஸ் என்ற ஆங்கிலேய நீதிபதி அதற்கு வழி செய்தார். அந்த நன்றியை மறக்காமல், கடைசி மகனுக்கு வாலேஸ்வரன் என்று பெயர் சூட்டினார் சிதம்பரனார். வெள்ளையர் ஆட்சியை எதிர்த்தவர்தான். ஆனால் ஒரு நல்ல வெள்ளையரின் பெயரைத் தம் வீட்டிலேயே வைத்துக்கொண்டார்.

மீண்டும் கறுப்புக் கோட்டு அணிந்து கோவில்பட்டியில் வழக்காடினார். பின்னர் தூத்துக்குடி சென்றார். பழைய வருமானம் திரும்பவில்லை.

கடைசி எழுத்து

1936 நவம்பர் 18-ந் தேதி தூத்துக்குடி காங்கிரஸ் அலுவலகத்தில் அவர் உயிர் பிரிந்தது. அதற்கு முன் உயில் எழுதி வைத்திருந்தார். அதில் கடைக்காரர்களுக்கும் பிறருக்கும் தீர்க்க வேண்டிய சிறு சிறு கடன்கள் எழுதப்பட்டிருந்தன. பத்து லட்ச ரூபாய்க் கம்பெனியைத் தொடங்கியவர், எண்ணெய்க் கடை பாக்கியைக்கூட மறைக்கவில்லை. ஒருவர் காசும் தம்மால் வீணாகக் கூடாது என்று நினைத்தார்.

இன்று உள்ள வழி

அந்தக் காலத்தில் வேலை பார்த்தவர் இறந்தால் குடும்பத்துக்கு உற்றார் உறவினரே கதி. சுதந்திரத்துக்குப் பின் நிலைமை மாறியது. பிராவிடண்ட் பண்டுச் சட்டம் 1952-ல் வந்தது. பணிக்கொடைச் சட்டம் 1972-ல் வந்தது. பணிக்கொடை பெறப் பொதுவாக ஐந்து ஆண்டு வேலை பார்த்திருக்க வேண்டும். வேலையில் இருக்கும்போது இறந்தவருக்கு இந்த நிபந்தனை இல்லை. அரசு வங்கி ஊழியர்களுக்கு 1995-ம் ஆண்டு விதிகளின்படி குடும்ப ஓய்வூதியமும் வந்தது.

வாரிசுக்குக் கருணை அடிப்படையில் வேலை கேட்கவும் வழி உண்டு. ஆனால் அது சொத்துரிமை போன்றது அல்ல. திடீரென்று வறுமையில் விழுந்த குடும்பத்தைத் தூக்கி விடுவதற்கே என்று சுப்ரீம் கோர்ட்டு 1994-ல் தீர்ப்பளித்தது. ஆகவே குடும்பத்தினர் தாமதம் செய்யாமல் மனுக் கொடுக்க வேண்டும்.

சேம நிதிப் படிவத்தில் வாரிசின் பெயர் இருக்கிறதா? வேலையில் இருப்பவர்கள் இன்றே பார்த்துக்கொள்வது நல்லது.

தொழிலாளி வீட்டு அடுப்பு அணையாமல் பார்த்துக்கொண்டவர் சிதம்பரனார். அவர் வீட்டு அடுப்பைப் பார்த்துக்கொள்ள அன்று ஒரு சட்டம் இல்லை.