அச்சகத்தை இழந்த குட்டன்பர்க்

ஒரு காலத்தில் ஐரோப்பாவில் புத்தகங்களைக் கையால்தான் எழுதினார்கள். ஒரு பைபிளை எழுதி முடிக்க மாதக்கணக்கில் ஆகும். விலையோ, ஏழைகளுக்கு எட்டாது.

இந்த நிலையை மாற்றியவர் ஜான் குட்டன்பர்க். ஜெர்மனியில் மெயின்ஸ் நகரில் பிறந்தவர். உலோக வேலை தெரிந்தவர்.

ஈயக் கலவையை உருக்கி, எழுத்துக்களைத் தனித்தனியாக வார்த்தார். அவற்றைக் கோத்து, மை தடவி, மரப்பொறியால் காகிதத்தில் அழுத்தினார். பிறகு அதே எழுத்துக்களைப் பிரித்து, வேறு பக்கத்துக்குக் கோக்கலாம்! சீனாவிலும் கொரியாவிலும் இத்தகைய அச்சு முன்பே உண்டு. ஐரோப்பாவில் இவரே முன்னோடி.

வழக்கு வந்தது

பைபிளை அச்சிடப் பணம் வேண்டுமே? ஃபூஸ்ட் என்ற செல்வர் இரண்டு தவணையாக 1,600 பொற்காசுகள் கொடுத்தார். சுமார் 180 பிரதிகள் தயாராகிவந்தன. அந்தச் சமயத்தில், 1455-ல், ஃபூஸ்ட் வழக்குத் தொடுத்தார். தீர்ப்பு அவர் பக்கமே. குட்டன்பர்க்கின் அச்சகம் கைமாறியது. உழைப்பு ஒருவருக்கு, லாபம் இன்னொருவருக்கு!

1465-ல் மெயின்ஸ் பேராயர் இரக்கம் கொண்டார். ஆண்டுதோறும் துணியும் தானியமும் திராட்சை மதுவும் கொடுக்க ஏற்பாடு செய்தார். 1468-ல் குட்டன்பர்க் காலமானார்.

அவர் அச்சிட்டதாகக் கிடைத்துள்ள எந்தப் புத்தகத்திலும் அவர் பெயர் இல்லை. ஆனால் அவர் கலை கடல் கடந்தது. 1578-ல் கொல்லத்தில் தமிழும் அச்சேறியது.