வேரா மென்சிக்

வேரா மென்சிக் (பெப்ரவரி 16, 1906 – சூன் 26, 1944) உலகின் முதலாவது பெண்கள் சதுரங்க வாகையாளர் ஆவார். மாஸ்கோவில் செக் இனத் தந்தைக்கும் ஆங்கிலேயத் தாய்க்கும் பிறந்த இவர், தமது சதுரங்க வாழ்வின் பெரும்பகுதியை இங்கிலாந்தில் கழித்தார். 1927 ஆம் ஆண்டில் வென்ற உலகப் பட்டத்தை இறக்கும்வரை 17 ஆண்டுகள் தம்மிடமே வைத்திருந்தார். முன்னணி ஆண் வீரர்கள் ஆடிய பன்னாட்டுச் சுற்றுப்போட்டிகளில் தொடர்ந்து பங்கேற்ற முதல் பெண்ணும் இவரே.

இளமைக்காலம்

வேராவின் தந்தை பிரான்டிசேக் மென்சிக், உருசியப் பிரபுக்களின் பண்ணைகளை மேற்பார்வை செய்துவந்தார். தாய் ஒல்கா இல்லிங்வொர்த், செல்வந்தர் வீட்டுக் குழந்தைகளுக்கு ஆசிரியையாகப் பணியாற்றியவர். வேராவின் தங்கைக்கும் ஒல்கா என்றே பெயர். வேராவுக்கு ஒன்பது வயதானபோது தந்தை சதுரங்கம் கற்றுக்கொடுத்தார்.

1917 உருசியப் புரட்சிக்குப் பின் குடும்பம் தன் சொத்துகளை இழந்தது. 1921 இல் நாட்டைவிட்டு வெளியேறியபோது பெற்றோரும் பிரிந்தனர். தந்தை தம் தாயகமான பொகீமியாவுக்குச் சென்றார். தாயும் இரு மகள்களும் இங்கிலாந்தின் தென்கரையில் உள்ள ஏசுடிங்சு நகரில் பாட்டியின் வீட்டில் குடியேறினர். ஆண்டுதோறும் கிறித்துமசு காலத்தில் பன்னாட்டுச் சதுரங்கச் சுற்றுப்போட்டி நடக்கும் நகரம் அது. 15 வயதில் அங்கு வந்த வேராவுக்கு ஆங்கிலம் சரியாகத் தெரியாது. பேச வேண்டிய தேவையில்லாத அமைதியான விளையாட்டு என்பதால் சதுரங்கம் தமக்கு ஏற்றதாக இருந்தது என்று பிற்காலத்தில் அவர் நினைவுகூர்ந்துள்ளார்.

1923 இல் ஏசுடிங்சு சதுரங்கக் கழகத்தில் சேர்ந்தார். அங்கேரியின் புகழ்பெற்ற வீரர் கேசா மரோசி அக்காலத்தில் அந்நகரில் பயிற்சியளித்து வந்தார். அவரிடம் பெற்ற பயிற்சி வேராவின் ஆட்டத்தில் இறுதிவரை தெரிந்தது. காய்களைப் பலியிட்டுத் திடீர்த் தாக்குதல் தொடுப்பதைவிட, நிலையைச் சிறிது சிறிதாக வலுப்படுத்தி, எதிராளியின் பலவீனங்களை நெருக்கி, ஆட்டத்தின் இறுதிக் கட்டத்தில் வெல்வதே அவரது வழக்கம். 1925 இல் அப்போதைய முன்னணி ஆங்கிலேய வீராங்கனை எடித் பிரைசை இரண்டு தொடர் ஆட்டங்களில் தோற்கடித்தார்.

உலகப் பட்டம்

1927 இல் இலண்டனில் முதலாவது சதுரங்க ஒலிம்பியாடு நடந்தபோது, பெண்களுக்கான முதலாவது உலக வாகைப் போட்டியும் உடன் நடத்தப்பட்டது. 12 பேர் பங்கேற்ற அப்போட்டியில் வேரா 11 ஆட்டங்களில் 10.5 புள்ளிகள் பெற்று வாகை சூடினார். அப்போது அவருக்கு வயது 21.

அதன்பின் ஆம்பர்கு (1930), பிராகா (1931), போக்சுடோன் (1933), வார்சா (1935), இசுடாக்கோம் (1937), புவெனசு ஐரிசு (1939) ஆகிய நகரங்களில் நடந்த போட்டிகளிலும் பட்டத்தைத் தக்கவைத்துக் கொண்டார். இவற்றுள் பிராகா, போக்சுடோன், வார்சா, இசுடாக்கோம் ஆகிய நான்கிலும் ஆடிய ஆட்டங்கள் அனைத்தையும் வென்றார். ஏழு போட்டிகளிலும் சேர்த்து அவர் ஆடியவை 83 ஆட்டங்கள். வெற்றி 78, சமநிலை 4, தோல்வி ஒன்றே ஒன்று. அந்த ஒரு தோல்வி ஆம்பர்கில் செருமனியின் வாலி என்செலிடம் ஏற்பட்டது.

அக்காலத்தில் இவருக்கு ஓரளவேனும் போட்டியாக விளங்கியவர் செருமனியைச் சேர்ந்த சோன்யா கிராப் மட்டுமே. 1937 இல் ஆசுத்திரியாவின் செம்மெரிங்கில் இருவரும் 16 ஆட்டங்கள் கொண்ட தொடரில் மோதினர். வேரா 11.5–4.5 என்ற கணக்கில் வென்றார்.

வேரா மென்சிக் கழகம்

பெண்கள் போட்டிகளில் எதிரிகள் இல்லாத நிலையில், வேராவின் உண்மையான சோதனை ஆண்களுடன் ஆடிய சுற்றுப்போட்டிகளிலேயே இருந்தது. 1929 இல் செக்கோசிலோவாக்கியாவின் கார்ல்சுபாத்தில் நடந்த பெரும் சுற்றுப்போட்டிக்கு அழைக்கப்பட்ட 22 பேரில் இவர் ஒருவரே பெண். இவரை அழைத்ததை ஏளனம் செய்த வியன்னா வீரர் ஆல்பர்ட் பெக்கர், இவரிடம் தோற்பவர்களை எல்லாம் சேர்த்து வேரா மென்சிக் கழகம் என்றொரு கழகம் தொடங்கலாம் என்று கேலியாகக் கூறினார். சில நாட்களில் அவரே வேராவிடம் தோற்று, அக்கழகத்தின் முதல் உறுப்பினர் ஆனார். அதே போட்டியில் பிரிட்சு சேமிசும் தோற்றார்.

இக்கதையைச் சொல்பவர்கள் பெரும்பாலும் இத்துடன் நிறுத்திக்கொள்வதுண்டு. ஆனால் அப்போட்டியில் வேரா பெற்றது 21 ஆட்டங்களில் 3 புள்ளிகள் மட்டுமே, கடைசி இடம். 1935 இல் தாம் பிறந்த மாஸ்கோ நகரில் நடந்த சுற்றுப்போட்டியிலும் 19 ஆட்டங்களில் 1.5 புள்ளிகளுடன் கடைசி இடமே கிடைத்தது. கப்பபிளாங்காவையோ அலேகினையோ அவர் ஒருமுறையும் வென்றதில்லை. உலகின் தலைசிறந்த வீரர்கள் கூடும் போட்டிகளில் அவரால் மேல்வரிசையை எட்ட முடியவில்லை என்பது உண்மை. அப்போட்டிகளில் கடைசி இடத்தில் வந்த ஆண்களும் உண்டு. அவர்களது தோல்வியை யாரும் அவர்களது பாலினத்தோடு சேர்த்துப் பேசவில்லை.

அதற்கு அடுத்த நிலைப் போட்டிகளில் வேராவின் ஆட்டம் வேறாக இருந்தது. 1929 இல் ராம்சுகேட்டில் வெளிநாட்டு வீரர்கள் எழுவர் ஆங்கிலேய வீரர்கள் எழுவருடன் ஆடினர். வெளிநாட்டு அணியில் ஆடிய வேரா 7 ஆட்டங்களில் 5 புள்ளிகள் பெற்றார். 5.5 புள்ளிகளுடன் முதலிடம் பெற்றவர் கப்பபிளாங்கா. வேரா அக்கிபா ரூபின்சுடைனுடன் இரண்டாம் இடத்தைப் பகிர்ந்துகொண்டார்; தம் ஆசான் மரோசியையும் முந்தினார். 1934 இல் மாரிபோர் சுற்றுப்போட்டியில் வாசியா பிர்சு, லாயோசு இசுடெய்னர் ஆகியோருக்கு அடுத்ததாக மூன்றாம் இடம் பெற்றார். ருடால்ப் இசுபீல்மன் இவருக்குக் கீழேயே வர முடிந்தது.

பெக்கர் கேலியாகத் தொடங்கிய கழகமும் வளர்ந்துகொண்டே போனது. பின்னாளில் உலக வாகையாளரான மாக்சு ஊவே ஏசுடிங்சில் இருமுறை தோற்றார். சாமுவேல் ரெசெவ்சுகி, எட்கார் கோல், ஜார்ஜ் தாமசு, பிரெடெரிக் யேட்சு ஆகியோரும் தோற்றவர்கள். பஞ்சாபிலிருந்து இங்கிலாந்து சென்று பிரித்தானிய வாகையாளரான மிர் சுல்தான் கானும் இப்பட்டியலில் உள்ளார்.

போரும் மறைவும்

1937 இல் பிரித்தானியச் சதுரங்கக் கூட்டமைப்பின் செயலாளர் ஆர். எச். எசு. இசுடீவன்சனை வேரா மணந்தார். அவர் இவரைவிட 28 வயது மூத்தவர். அவரது முதல் மனைவி ஆக்னசும் சதுரங்க வீராங்கனையே. 1935 இல் வார்சா உலகப் போட்டிக்குச் செல்லும் வழியில், போசுனான் விமான நிலையத்தில் விமானத்தின் சுழல்விசிறியில் அடிபட்டு அவர் இறந்தார்.

1939 இல் புவெனசு ஐரிசில் ஒலிம்பியாடு நடந்துகொண்டிருந்தபோதே ஐரோப்பாவில் இரண்டாம் உலகப் போர் மூண்டது. அதுவரை செக்கோசிலோவாக்கியாவுக்காக ஆடிவந்த வேரா, இம்முறை இங்கிலாந்து சார்பில் ஆடினார். நாட்சி அரசுடன் முரண்பட்டிருந்த சோன்யா கிராப் எந்த நாட்டின் சார்பிலும் ஆடாமல், விடுதலை என்று பொருள்படும் கொடியின்கீழ் ஆடினார். இருவரும் சந்தித்த ஆட்டத்தில் வெல்லும் நிலையில் இருந்த சோன்யா தவறிழைத்துத் தோற்றார். 19 ஆட்டங்களில் 18 புள்ளிகளுடன் வேரா மீண்டும் வாகை சூடினார். போர் காரணமாக வீரர்கள் பலர் அர்கெந்தீனாவிலேயே தங்கிவிட்டனர். சோன்யாவும், செருமானிய அணியில் ஆடிய ஆல்பர்ட் பெக்கரும் அவர்களுள் அடங்குவர். வேரா இங்கிலாந்துக்குத் திரும்பினார்.

இலண்டனில் 1939 இல் திறக்கப்பட்ட தேசியச் சதுரங்க மையத்தின் பொறுப்பாளராக அவர் பணியாற்றினார். 1940 இல் விமானக் குண்டுவீச்சில் அம்மையம் அழிந்தது. 1942 இல் செருமனியிலிருந்து தப்பி வந்திருந்த மூத்த வீரர் ஜாக் மீசசுடன் ஆடிய தொடரை 6.5–3.5 என வென்றார். 1943 இல் கணவர் காலமானார். பின்னரும் சதுரங்கத்தை விடவில்லை.

1944 சூன் 13 முதல் செருமனி, இலண்டன்மீது வி-1 எனப்படும் ஆளில்லாப் பறக்கும் குண்டுகளை ஏவத் தொடங்கியது. சூன் 26 அன்று தெற்கு இலண்டனின் கிளாபம் பகுதியில் இருந்த மென்சிக் குடும்பத்தின் வீட்டின்மீது அவற்றில் ஒன்று விழுந்தது. வேரா, தாய் ஒல்கா, தங்கை ஒல்கா மூவரும் உயிரிழந்தனர். வேராவுக்கு வயது 38. தங்கை ஒல்காவும் உலக வாகைப் போட்டிகளில் ஆடியவர்.

பெண்கள் உலகப் பட்டம் ஆறாண்டுகள் வாகையாளர் இன்றி இருந்தது. 1949–50 இல் மாஸ்கோவில் நடந்த போட்டியில் சோவியத் வீராங்கனை லுத்மிலா ருதென்கோ அதை வென்றார்.

வேரா மென்சிக் கோப்பை

1957 இல் நெதர்லாந்தின் எம்மென் நகரில் முதலாவது பெண்கள் சதுரங்க ஒலிம்பியாடு நடந்தது. வெல்லும் அணிக்கு அளிக்கப்படும் கோப்பைக்கு வேரா மென்சிக்கின் பெயர் சூட்டப்பட்டது. 2011 இல் உலகச் சதுரங்கப் புகழவையில் இவர் சேர்க்கப்பட்டார். 2022 இல் சென்னையை அடுத்த மாமல்லபுரத்தில் நடந்த ஒலிம்பியாடில் இக்கோப்பையை உக்ரைன் பெண்கள் அணி வென்றது; இந்திய அணி வெண்கலம் பெற்றது. 2024 இல் புடாபெசுட்டில் சென்னையைச் சேர்ந்த ஆர். வைசாலி இடம்பெற்ற இந்தியப் பெண்கள் அணி முதன்முறையாக இக்கோப்பையை வென்றது.