மூளை அறுவைக் கலையின் ஆசான்

மதுரையில் பி. இராமமூர்த்தி என்ற பெயரைச் சொன்னால், 1967 இல் இத்தொகுதியிலிருந்து நாடாளுமன்றம் சென்ற பொதுவுடைமைத் தலைவரே பலர் நெஞ்சிலும் முதலில் எழுவார். அதே முன்னெழுத்தும் அதே பெயரும் தாங்கிய மற்றொரு பெருந்தகை மருத்துவ உலகில் வாழ்ந்தார். மண்டையோட்டைத் திறந்து மூளைக்கட்டியை அகற்றும் அருங்கலையைத் தமிழகத்தில் வேரூன்றச் செய்தவர்களுள் அவர் தலையாயவர். அவர் பணிபுரிந்தது சென்னையில். அப்பணியின் பயனோ வைகைச் சமவெளிக்கும் உரியதாயிற்று.

இவர் 1922 ஆம் ஆண்டு ஜனவரி 30 ஆம் நாள் சீர்காழியில், மருத்துவத் தொழிலில் ஊறிய குடும்பத்தில் பிறந்தார். திருச்சிராப்பள்ளியில் பள்ளிக் கல்வியும் சென்னை மருத்துவக் கல்லூரியில் மருத்துவக் கல்வியும் முடித்து, 1947 இல் எடின்பரோவில் எஃப்.ஆர்.சி.எஸ். பட்டம் பெற்றார். பொது அறுவை மருத்துவத்திலேயே பேரும் பொருளும் ஈட்டியிருக்கலாம். அவரோ அன்றைய இந்தியாவில் ஏறத்தாழ எவரும் கைவைக்காத துறையைத் தேர்ந்தார். இங்கிலாந்தின் நியூகாசில் நகரில் ரோபாதம் என்பாரிடமும், கனடாவின் மான்ட்ரியல் நகரில் பென்ஃபீல்டின் புகழ்பெற்ற நிறுவனத்திலும் பயின்று தாயகம் மீண்டார்.

அந்நாளைய நிலையை எண்ணினால்தான் அவர் பணியின் அருமை விளங்கும். உசிலம்பட்டியிலோ மேலூரிலோ ஓர் உழவருக்குத் தீராத தலைவலி, விடியற்காலையில் வாந்தி, நாளுக்கு நாள் மங்கும் பார்வை. மூளைக்குள் கட்டி வளர்வதன் அறிகுறிகள் இவை. கோடாங்கியிடம் குறி கேட்டு ஓய்ந்தபின் மதுரை எர்ஸ்கின் மருத்துவமனைக்குக் கொண்டு வந்தாலும், மூளை அறுவைக்கெனத் தனித்துறை அங்கே அந்நாளில் இல்லை. மதுரை மருத்துவக் கல்லூரியே 1954 இல்தான் தோன்றியது. 1949 இல் வேலூரில் ஜேக்கப் சாண்டி தொடங்கியதே இத்துறையில் நாட்டின் முதலாவது. அடுத்த ஆண்டு, 1950 அக்டோபர் 24 அன்று, சென்னை அரசு பொது மருத்துவமனையில் இராமமூர்த்தி நரம்பியல் அறுவைப் பணியைத் தொடங்கினார். இரவெல்லாம் ரயிலில் வந்து எழும்பூரில் இறங்கும் ஏழைக்கும் போய்ச் சேர ஓரிடம் கிடைத்தது.

மூளையை அடுக்கடுக்காகப் படம் பிடிக்கும் சி.டி. ஸ்கேன் 1971 இல்தான் முதன்முதலாக நோயாளிக்குப் பயன்பட்டது. அதற்கு முன்பு, மண்டையில் சிறு துளையிட்டு, மூளையின் உட்குழிகளில் காற்றைச் செலுத்தி எக்ஸ்ரே எடுப்பார்கள். குழி எப்பக்கம் ஒதுங்கியுள்ளது என்பதைக் கொண்டு கட்டி இருக்குமிடத்தை உய்த்துணர வேண்டும். நோயாளியின் நடை, பேச்சு, பார்வை, கைவலிமை ஆகியவற்றை நுணுகி நோக்குவதே முதற்கருவி. ஒரு விரற்கடை பிசகினால் பேச்சுப் போகும், உயிரும் போகலாம்.

இத்தகைய சூழலில் அவர் கண்ட உண்மை ஒன்று குறிப்பிடத்தக்கது. சென்னையில் மண்டையைத் திறந்து பார்த்த கட்டிகளுள் ஏறத்தாழ ஐந்தில் ஒன்று காசநோயால் விளைந்ததாக இருந்தது. மேனாடுகளில் அவ்வகை அருகிவிட்டமையால், அங்கிருந்து வந்த நூல்கள் அதற்குச் சில வரிகளே ஒதுக்கின. முன்னாளில் அக்கட்டியை அகற்றினால் கிருமி மூளையுறையில் பரவி நோயாளி மாள்வது வழக்கம். ஸ்ட்ரெப்டோமைசின் முதலிய மருந்துகள் வந்த பின்னரே அறுவை காப்பானதாயிற்று. ஏனைய கட்டிகளிலிருந்து இதனைப் பிரித்தறிவது குறித்து இராமமூர்த்தி ஆய்வுக் கட்டுரைகள் வரைந்தார். பிற்காலத்தில் மருந்தாலேயே இவற்றுள் பல கரையும் நிலை வர, கத்திக்கு வேலை குறைந்தது. அயல்நாட்டில் கற்றதை ஒப்பிப்பதோடு அமையாமல், தம் மண்ணின் நோயைத் தம் கண்ணால் படித்தமையே அவரை ஆசானாக்கியது.

கற்றதைத் தம்மோடு வைத்துக்கொள்ளும் இயல்பு அவரிடம் இல்லை. 1951 இல் சாண்டி, பல்தேவ் சிங், எஸ்.டி. நரசிம்மன் ஆகியோருடன் சேர்ந்து இந்திய நரம்பியல் கழகத்தை நிறுவினார். சென்னையில் நரம்பியல் நிறுவனம் உருவாக உழைத்தார். டெல்லியின் பி.என். டாண்டனுடன் இணைந்து இந்திய மாணவர்க்கென நரம்பியல் அறுவைப் பாடநூலைப் பதிப்பித்தார். ஆசியாவின் முதல் பெண் நரம்பியல் அறுவை மருத்துவர்களுள் ஒருவரான டி.எஸ். கனகா அவரது துறையில் உருவானவர். பின்னர் அடையாறு வி.எச்.எஸ். மருத்துவமனையில் டாக்டர் ஏ. இலட்சுமிபதி பெயரால் அமைந்த நரம்பியல் அறுவை மையத்தையும் கட்டியெழுப்பினார்.

அவர் வாழ்வில் விவாதத்துக்குரிய பக்கமும் உண்டு. 1960களிலும் 70களிலும், கட்டுக்கடங்காத மூர்க்கம் கொண்ட நோயாளிகளுக்கு, சிறுவர் உட்பட, மூளையின் ஆழத்தில் ஒரு சிறு பகுதியை அழித்து அமைதிப்படுத்தும் அறுவையை அவரும் வி. பாலசுப்பிரமணியம் முதலிய துணைவரும் மேற்கொண்டனர். வேறு போக்கிடமற்ற குடும்பங்களுக்கு அது துணையாகும் என நம்பினர். தம் விருப்பத்தைச் சொல்ல இயலாதவரின் மூளையை மாற்றும் உரிமை எவருக்கு உண்டு என்ற வினா உலகெங்கும் வலுத்தது. அம்முறையும் பெரும்பாலும் வழக்கொழிந்தது. புதுவழி வகுப்போரின் துணிவுக்கு எல்லை எது என்பதை அவ்வரலாறு இன்றும் கேட்டுக்கொண்டிருக்கிறது. இதனை மறைத்து எழுதினால் அவர் வாழ்வு புகழுரையாகச் சுருங்கிவிடும்.

2003 டிசம்பர் 13 அன்று அவர் மறைந்தார். எர்ஸ்கின் பெயர் மாறி அரசு இராசாசி மருத்துவமனையாக விளங்கும் மதுரை மருத்துவமனையில் இன்று நரம்பியல் அறுவைத் துறை இயங்குகிறது. ஒரு காலத்தில் ஓரிரு நகரங்களில் ஒருசிலர் கையில் மட்டும் தங்கியிருந்த கலை, மாணவர் வழி மாணவராகப் பல ஊர்களுக்கும் பரவிவிட்டது. உசிலம்பட்டி உழவர் மண்டைக்குள் வலியைச் சுமந்துகொண்டு எழும்பூர் ரயிலுக்குக் காத்திருக்க வேண்டிய காலம் கழிந்தது.