7000 மரங்களும் ஒரு கதையும்

வேலை நிமித்தம் ஜெர்மனிக்கு வந்த புதிதில் ஒரு வார இறுதியில் காஸல் நகருக்குப் போயிருந்தேன். தெருவோர மரங்கள் பலவற்றின் பக்கத்திலும் ஒரு கருங்கல் நின்றது. எல்லைக்கல் என்றுதான் முதலில் நினைத்தேன். விசாரித்தபோதுதான், அவை யோசஃப் பாய்ஸ் என்ற கலைஞரின் படைப்பு என்று தெரிந்தது.

பாய்ஸ் 1921இல் கிரேஃபெல்டில் பிறந்தவர். 1941இல் ஹிட்லரின் விமானப்படையில் தாமாகவே சேர்ந்தார். 1944 மார்ச்சில் அவருடைய விமானம் கிரிமியாவில் விழுந்து நொறுங்கியது. தாத்தார் நாடோடிகள் தம்மைக் கண்டெடுத்து, உடம்பில் கொழுப்பைத் தடவி, ஃபெல்ட் என்னும் தடித்த கம்பளியில் சுற்றிப் பிழைக்க வைத்தார்கள் என்று பிற்காலத்தில் சொல்லிவந்தார். கொழுப்பும் கம்பளியும் அவர் படைப்புகளில் திரும்பத் திரும்ப வருவதற்கு இதுவே விளக்கம் என்று உலகம் நம்பியது.

1965இல் தலையில் தேனும் தங்கத்தாளும் பூசிக்கொண்டு, மடியில் செத்த முயலை ஏந்தி அதற்கு ஓவியங்களை விளக்கினார். 1969இல் ஒரு பழைய வேனின் பின்னாலிருந்து 24 பனிச்சறுக்கு வண்டிகள் கிளம்பி வருவதுபோல் ஒரு நிர்மாணம் செய்தார். 1970இல் தொலைக்காட்சித் திரையைக் கம்பளியால் மூடி அதன் முன் அமர்ந்து ஒரு படம் எடுத்தார். 1974இல் நியூயார்க்கில் ஒரு கயோட்டி ஓநாயோடு மூன்று நாள் ஒரே அறையில் இருந்தார்.

கலை எல்லோருக்கும் உரியது என்பது அவர் கட்சி. டுசல்டார்ஃப் கலைக்கல்லூரியில் பேராசிரியராக இருந்தபோது, இடம் மறுக்கப்பட்ட மாணவர்களையும் தம் வகுப்பில் சேர்த்துக்கொண்டார். 1972இல் வேலை போயிற்று. பசுமைக் கட்சி உருவானபோது அதில் முன்னின்றார்.

ஆனால் அந்தத் தாத்தார் கதை? விமர்சகர் பெஞ்சமின் புக்லோ 1980லேயே அதைச் சந்தேகித்தார். ஆவணங்களின்படி பாய்ஸை மீட்டது ஜெர்மன் தேடுதல் குழு. மறுநாளே அவர் ராணுவ மருத்துவமனையில் இருந்தார். இது வெறும் அலங்காரப் பொய்யல்ல என்பதே என் எண்ணம். படையெடுத்துப் போனவர், கதையில் அந்த மண்ணின் மக்களாலேயே காப்பாற்றப்பட்டவராகிவிடுகிறார். போரின் குற்றம் சத்தமில்லாமல் கரைந்துவிடுகிறது.

இதை அறிந்தபின் அந்த மரங்களையும் சந்தேகித்தேன். அவற்றின் கதையைப் படித்ததும் மனம் மாறியது. 1982இல் டாகுமெண்டா கண்காட்சிக்காக அருங்காட்சியகத்தின் முன் 7000 கற்களைக் குவித்தார். ஒரு மரம் நட்டால்தான் ஒரு கல் அங்கிருந்து நகரும். நகரத்தார் பலர் எரிச்சலடைந்தார்கள். ஒரு மரத்துக்கும் கல்லுக்கும் 500 மார்க் நன்கொடை. பணம் போதாமல் ஜப்பானிய விஸ்கி விளம்பரத்தில்கூட நடித்தார்.

1986 ஜனவரியில் பாய்ஸ் இறந்தபோது சுமார் 5500 மரங்களே நடப்பட்டிருந்தன. 1987இல் அவர் மகன் கடைசி மரத்தை நட்டார்.

மென்பொருள்காரனான எனக்கு இதில் பிடித்தது அந்தக் கணக்குதான். தம் வாழ்க்கையைப் பற்றி அவர் சொன்னதை யாராலும் எளிதில் சரிபார்க்க முடியவில்லை. ஆனால் அந்தக் குவியலை யார் வேண்டுமானாலும் எண்ணலாம். வாக்கு எவ்வளவு நிறைவேறியது, எவ்வளவு பாக்கி என்பது நடுத்தெருவில் கிடந்தது. அந்தப் பொய்யை நான் மன்னிக்கவில்லை. ஆனாலும் அந்த மர நிழலில் கொஞ்ச நேரம் நின்றுவிட்டுத்தான் ரயிலேறினேன்.