தமிழில் முதல் முஸ்லிம் நாவல் தந்த அறிஞர் சித்தி லெப்பை

கடலூர், சிதம்பரம் பகுதிகளில் தமிழ் பேசும் முஸ்லிம் குடும்பங்களோடு உருது பேசும் குடும்பங்களும் வாழ்கின்றன. உருது இலக்கியம் அறிந்தவர்களுக்கு ‘மிராத்துல் உரூஸ்’ நாவலை அறிமுகம் செய்ய வேண்டியதில்லை. டெபுடி நஜீர் அஹ்மது 1869-இல் வெளியிட்ட கதை அது. அக்பரி, அஸ்கரி என்று இரண்டு சகோதரிகள். செல்லம் கொடுத்து வளர்க்கப்பட்ட அக்பரி புகுந்த வீட்டில் அல்லல்படுகிறாள். படித்த அஸ்கரியோ குடும்பத்தைத் தூக்கி நிறுத்துகிறாள். வீட்டிலேயே பெண் பிள்ளைகளுக்குப் பாடமும் சொல்லித் தருகிறாள். தம் மகள்கள் படிக்க ஏற்ற புத்தகம் இல்லாததால் அவரே எழுதியது அது. அரசின் 1000 ரூபாய் பரிசும் அதற்குக் கிடைத்தது. 150 ஆண்டுகள் கடந்தும் அச்சில் இருக்கிறது. பாகிஸ்தானில் தொலைக்காட்சித் தொடராகவும் வந்தது.

தமிழ் பேசும் நமக்கு அப்படி ஒரு முன்னோடி இல்லையா? இருக்கிறார். இலங்கையில் பிறந்த முஹம்மது காசிம் சித்தி லெப்பைதான் அவர்.

1838 ஜூன் 11-இல் கண்டியில் பிறந்த சித்தி லெப்பை வழக்கறிஞராகப் பணியாற்றியவர். வசதியோடு வாழ்ந்திருக்கலாம். ஆனால் சமுதாயத்தின் நிலை அவரை உறங்கவிடவில்லை. அன்று ஆங்கிலக் கல்வி பெரும்பாலும் மிஷனரிகளின் கையில் இருந்தது. அங்கே அனுப்பினால் பிள்ளைகளின் ஈமான் பறிபோய்விடும் என்று அஞ்சிய பெற்றோர் அவர்களை வீட்டிலேயே வைத்துக்கொண்டார்கள். அந்த அச்சத்தில் நியாயம் உண்டு. ஆனால் அதற்குக் கொடுத்த விலை பெரிது. மற்றவர்கள் முன்னேற, நம்மவர்கள் பின்தங்கினார்கள். மார்க்கக் கல்வியும் உலகக் கல்வியும் ஒரே கூரையின்கீழ் கிடைக்க வேண்டும் என்பதே சித்தி லெப்பை கண்ட தீர்வு.

1882-இல் ‘முஸ்லிம் நேசன்’ வார இதழைத் தொடங்கினார். மறு ஆண்டு, எகிப்தில் ஆங்கிலேயரை எதிர்த்த ஒராபி பாஷா இலங்கைக்கு நாடு கடத்தப்பட்டார். இருவரும் நண்பர்களானார்கள், கல்விப் பணியில் ஒராபி பாஷா துணை நின்றார். சமுதாயத்திற்குள்ளேயே எதிர்ப்பும் வந்தது. கொழும்பில் எடுத்த முதல் முயற்சி நிலைக்கவில்லை. சித்தி லெப்பை பின்வாங்கவில்லை. வாப்பிச்சி மரிக்கார் போன்றோரின் துணையுடன் 1892-இல் மருதானையில் ஒரு பள்ளி உருவானது. அதுதான் இன்றைய ஸாஹிராக் கல்லூரி. கண்டியில் பெண் பிள்ளைகளுக்கும் பள்ளி கண்டார். அவருடைய சகோதரியும் அங்கே கற்பித்தார்.

இதற்கிடையே 1885-இல் வெளிவந்ததுதான் ‘அசன்பே சரித்திரம்’. தமிழின் முதல் நாவலான ‘பிரதாப முதலியார் சரித்திரம்’ 1879-இல் வந்தது. அதை எழுதிய வேதநாயகம் பிள்ளை, சிதம்பரத்திலிருந்து கொள்ளிடத்தைத் தாண்டினால் வரும் மாயூரத்தில் வாழ்ந்தவர். ஆறே ஆண்டுகளில் ஒரு முஸ்லிமின் தமிழ் நாவல் வந்துவிட்டது. ஈழத்தவர் எழுதிய முதல் தமிழ் நாவலும் அதுதான்.

எகிப்தின் உயர்குடியில் பிறந்து குழந்தையிலேயே கடத்தப்பட்ட அசன் இந்தியாவில் வளர்கிறான். இடர்களைக் கடந்து, கல்வியாலும் நற்குணத்தாலும் உயர்ந்து, எகிப்து திரும்பி ‘பே’ என்ற பட்டம் பெறுகிறான். பிறப்பு எங்கே என்று தெரியாத சிறுவனையும் கல்வி கரை சேர்க்கும் என்பதே கதையின் சாரம். பள்ளி கட்டிச் சொன்னதையே சித்தி லெப்பை கதையாகவும் சொன்னார்.

1898 பிப்ரவரி 5-இல் அவர் மறைந்தார். இலங்கை அரசு பின்னாளில் அவருக்கு அஞ்சல் தலை வெளியிட்டது.

டெல்லியில் நஜீர் அஹ்மதுவும் கண்டியில் சித்தி லெப்பையும் ஒரே கவலையில் பேனா பிடித்தவர்கள். அங்கே பாட்டி படித்ததைப் பேத்தியும் படிக்கிறாள். இங்கே நூலின் பெயரைக் கேட்டவர்களே குறைவு. எழுதியவர் தம் கடமையைச் செய்துவிட்டார். படிக்க வேண்டியவர்கள் நாம்.

‘அசன்பே சரித்திரம்’ இன்று இணையத்தில், ‘நூலகம்’ தளத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. மொழிநடை பழையது, முதல் சில பக்கங்கள் தடுமாற்றம் தரலாம். வாப்பாவோ உம்மாவோ உடன் உட்கார்ந்து ஓர் அத்தியாயம் வாசித்துக் காட்டினால், அடுத்ததைப் பிள்ளைகளே கேட்பார்கள். பரங்கிப்பேட்டையிலும் லால்பேட்டையிலும் விடுமுறையில் வீட்டில் இருக்கும் பிள்ளைகளிடமிருந்து இதைத் தொடங்குவோம், இன்ஷா அல்லாஹ்.